பனாஹி நடிக்க வந்த கதை

ஜஃபர் பனாஹியைப் பற்றி எம்மவரிடையே இருவிதப் பேச்சுக்கள் உண்டு. ஒரு சாரார் அவரைத் தியாகியாக்கிவிடுகின்றனர். மறு சாராரோ, ஈரானை ஏசுவதால்தான் மேற்குலகம் அவருக்கு விருது கொடுக்கிறது என்று முடித்துவிடுகின்றனர். படங்களைப் பார்த்தோர் இரு தரப்பிலும் குறைவு.

கியாரொஸ்தமியின் உதவி இயக்குநராயிருந்த பனாஹி, 'வெள்ளை பலூன்' (1995) மூலம் கேன்ஸில் அறியப்பட்டார். 'வட்டம்' (2000) வெனிஸில் தங்கச் சிங்கம் வென்றது. 'ஓஃப்சைட்' (2006) ஆண் வேடமிட்டு உதைபந்தாட்ட மைதானத்துக்குள் நுழைய முயலும் பெண்களின் கதை. அவர்களைக் காவல் காக்கும் சிப்பாய்க்கு ஊரிலுள்ள தாயும் மாடுகளுமே கவலை. வெறுமனே ஏச வந்தவருக்கு இந்தச் சிப்பாய் தேவைப்பட்டிருக்கமாட்டான்.

2010 டிசம்பரில் ஆறாண்டுச் சிறையும் இருபதாண்டுகள் படமெடுக்கத் தடையும் விதிக்கப்பட்டன. அதன் பிறகுதான் பனாஹி தன் படங்களின் பிரதான நடிகரானார். 'இது திரைப்படமல்ல' (2011) படத்தில், எடுக்க முடியாமற்போன கதையின் அறையை வீட்டுக் கம்பளத்தில் நாடா ஒட்டிக் காட்டுகிறார். பாதியில் தொண்டை அடைத்து நிறுத்திவிடுகிறார். எனக்கு அந்த மௌனம் போதும்.

பேர்லினில் தங்கக் கரடி வென்ற 'டக்ஸி' (2015) அவ்வளவு பிடிக்கவில்லை. ஏறுகிறவர் ஒவ்வொருவரும் தயாரான வாதத்தோடு ஏறுகிறார். சாரதி பனாஹி புன்னகைக்கிறார். அவர்மீது எந்தக் குற்றமும் விழுவதில்லை.

'கரடிகள் இல்லை' (2022) அந்தப் புன்னகையைப் பறிக்கிறது. எல்லைக் கிராமமொன்றில் தங்கி, துருக்கியில் நடக்கும் படப்பிடிப்பை இணையம் வழியே இயக்குகிறார். ஒரு காதல் சோடியை அவர் படம்பிடித்ததாகக் கிராமத்தார் கேட்கின்றனர். சத்தியம் செய்யச் சொல்கின்றனர். அவரோ சத்தியத்தையும் கெமராவில் பதியலாம் என்கிறார்! கெமராவே நீதி என்ற நம்பிக்கை இது. அந்தச் சோடி எல்லையில் சுடப்படுகிறது. ஊரை விட்டுப் புறப்படும் பனாஹி அதைக் காண்கிறார். அயலவர் வீட்டுக் கதைகளைச் சிறுகதையாக்கும் எம்மில் எத்தனை பேர் நம்மை இப்படி நிறுத்தி விசாரித்திருக்கிறோம்? அரசின் தடையை மட்டும் பேசிவிட்டு, எழுதுகிறவனின் கையை மறந்துபோகிறோம். அப்படம் வெனிஸில் விருது பெற்றபோது அவர் சிறையிலிருந்தார். உண்ணாவிரதம் தொடங்கியபின் 2023 பெப்ரவரியில் விடுவிக்கப்பட்டார்.

2025இல் கேன்ஸின் தங்கப்பனை வென்ற 'அது வெறும் விபத்துத்தான்' படத்தில் அவர் நடிக்கவில்லை. முன்னாள் கைதிகள் சிலர், தம்மை வதைத்தவன் என்று ஐயுறும் ஒருவனைப் பிடித்துவைத்துக்கொண்டு, அவன்தானா என்று தடுமாறுகின்றனர். கண்கட்டப்பட்டிருந்தவர்களுக்கு அவனது செயற்கைக் காலின் ஓசை ஓர் அடையாளம். கடைசிக் காட்சியிலும் கேட்பது அதே ஓசைதான்.