உதை யாருக்கு விழுந்தது?

சாப்ளினின் ‘தி ஐடில் கிளாஸ்’ (1921) இரண்டே ரீல் படம். பணக்காரக் கணவன், நாடோடி இருவருமே சாப்ளின்தான். வர்க்கப் பகடி என்று இதைச் சொல்லிவிடலாம், தப்பில்லை. ஆனால் அதோடு நின்றுவிட்டால் எட்னா பர்வியன்ஸ் நடித்திருக்கும் மனைவி நம் வாசிப்பிலிருந்து காணாமல் போய்விடுகிறாள்.

ரயிலில் வந்திறங்கும் அவளை அழைத்துவரக் கணவன் போகவில்லை. கால்சட்டை போடக்கூட மறந்துபோகிற ஆள் அவன். குடியை விடும்வரை தனியாக இருக்கப்போவதாக அவள் எழுதி அனுப்புகிறாள். நமக்கு முதுகைக் காட்டி நிற்கிறான். தோள்கள் குலுங்குகின்றன. அழுகிறான் என்று நினைக்கிறோம். திரும்பினால், மது கலக்கிக்கொண்டிருக்கிறான்! இந்தச் சிரிப்பில் அகப்படுவது நாமும்தான். ஆணின் முதுகைப் பார்த்தே அவன் திருந்திவிட்டதாகப் படித்துவிடுகிற பழக்கம் நமக்கு அவ்வளவு ஊறிப்போயிருக்கிறது.

மாறுவேட விருந்துக்கு வந்தால் மன்னிப்பதாக அவள் சொல்கிறாள். கணவன் இரும்புக் கவசம் மாட்டிக்கொள்கிறான். முகமூடி திறக்க மாட்டேன் என்கிறது. போலீசுக்குப் பயந்து உள்ளே நுழையும் நாடோடியின் கந்தல், அங்கே வேஷமாக வாசிக்கப்படுகிறது. வறுமை அந்த மாளிகைக்குள் நுழைய வேறு அனுமதிச்சீட்டு கிடையாது. கணவனென்று நினைத்து அவனை மன்னிக்கிறாள். அவள் கண்ணில் கோளாறு இல்லை. கணவன் என்று அவளுக்குக் கிடைத்ததெல்லாம் ஒரு முகம் மட்டுமே. அதே முகம் எதிரே நிற்கிறது. கவசத்துக்குள் இருப்பவனோ பக்கத்திலேயே இருந்தும் அடையாளம் காணப்படாமல் தவிக்கிறான். அவள் தினமும் வாழ்ந்தது அவனுக்குச் சில நிமிஷம்.

டப்பா திறப்பானால் கவசம் திறக்கப்பட்டு முகம் தெரிந்ததும் எல்லாம் பழையபடி. குடி பற்றிய நிபந்தனை என்ன ஆயிற்று? படம் கேட்பதில்லை. துரத்தப்பட்ட நாடோடிக்காக மனம் கேட்காமல் அப்பாவை அனுப்புகிறாள். அவரைக் குனிய வைத்துப் பின்புறத்தில் ஓர் உதை விட்டு ஓடுகிறான் நாடோடி. கைதட்டுகிறோம். வர்க்கத்துக்கு உதை விழுந்தது, சரி. குடும்பத்துக்கு?

பத்து வருஷம் கழித்து ‘சிட்டி லைட்ஸ்’ (1931) வருகிறது. அதிலும் ஆள்மாறாட்டம்தான்: பார்வையற்ற பூக்காரி நாடோடியைப் பணக்காரன் என்று நம்புகிறாள். கடைசியில் பார்வை வந்தபின், தன் கையால் தொட்டே அவனை அறிகிறாள். தெரிந்துகொண்டபின் என்ன செய்வாள் என்பதைப் படம் அவளிடமே விட்டுவிடுகிறது. 1921-இன் மனைவிக்கு அந்த ஒரு கணம் கிடைக்கவில்லை. பகடி எங்கே நின்றுவிடுகிறது என்பதை அவளைத் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டியிருக்கிறது.