குன்னத்து 'முட்டைகளும்' அறிவியல் புனைகதை ஆய்வும்

தமிழ் அறிவியல் புனைகதை ஆய்வுகள் பெரும்பாலும் சுஜாதாவின் 'என் இனிய இயந்திரா', 'மீண்டும் ஜீனோ' போன்றவற்றின் கரு, பாத்திரம், உத்தி ஆகியவற்றை வகைப்படுத்துவதோடு அமைந்துவிடுகின்றன. பண்பாட்டுத் தாக்கமோ நூலுக்கு வெளியிலும் தேடத்தக்கது. 2020இல் பெரம்பலூர் மாவட்டம் குன்னத்தில் உருண்டைக் கற்படிவங்கள் வெளிப்பட்டபோது, அவை டைனோசர் முட்டைகள் என்றே செய்தி பரவியது. அம்மோனைட் சார்ந்த படிவங்கள் என்பது புவியியலாளர் விளக்கம். அம்மோனைட் கிரெட்டேசியஸ் காலத்திலும் வாழ்ந்த கடல்வாழ் மெல்லுடலி. அரியலூர்ப் பகுதிக் கல்லமேட்டில் டைனோசர் எலும்புகள் கிடைத்தமை அவ்வூகத்திற்குத் துணைநின்றிருக்கலாம். ஆயினும் உருண்டைக் கல்லை முட்டையாகக் காணும் பார்வையில், 1993இல் வெளிவந்த 'ஜுராசிக் பார்க்' திரைப்படத்தின் முட்டை பொரியும் காட்சிக்கும் பங்குண்டு எனக் கருத இடமுள்ளது. மூலநாவலாசிரியர் மைக்கேல் கிரைட்டனின் பெயரை அறியாதாரும் அக்காட்சியை அறிவர். வாசிப்பின்றியே பரவும் இத்தாக்கம் பாத்திரப் பட்டியலுக்குள் அகப்படாது. ஊரார் வாய்மொழியும் நாளிதழ்த் தலைப்பும் இங்கு முதன்மைத் தரவுகள்.