கவிதைக்கு இரண்டாம் இடம்

என் அண்ணன் மகள் பதினோராம் வகுப்புப் படிக்கிறாள். சென்ற மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை கணக்கு நோட்டும் கையுமாக என் மேஜைக்கு வந்து நின்றாள். கதை எழுதுகிறவனிடம் கணக்குக் கேட்டு வருகிறவர்கள் அபூர்வம். ஆனால் இது எழுத்தைப் பற்றிய கணக்காம். அதனால் சித்தப்பாவுக்குத் தெரிந்திருக்கும் என்று நினைத்தாளாம். ஒரு சொல்லில் உள்ள எழுத்துகளை எத்தனை விதமாக மாற்றி அடுக்க முடியுமோ அத்தனை விதமாகவும் அடுக்க வேண்டியது. எல்லாவற்றையும் அகராதி வரிசையில் எழுத வேண்டியது. நம்முடைய சொல் அதில் எத்தனையாவதாக வரும்? இதுதான் கேள்வி.

பாடப் புத்தகத்தில் இங்கிலீஷ் சொல் கொடுத்திருந்தார்கள். தமிழிலேயே ஒன்று போட்டுப் பார்ப்போமே என்று நான் 'கவிதை'யை எடுத்துக்கொண்டேன். க, வி, தை என்று மூன்று எழுத்து, ஆறு அடுக்கு. கதைவி, கவிதை, தைகவி, தைவிக, விகதை, விதைக. கவிதைக்கு இரண்டாம் இடம். முதலிடத்தில் இருப்பதற்கு அர்த்தம் ஒன்றும் இல்லை. ஆனாலும் அதன் தலையில் 'கதை' உட்கார்ந்திருப்பதைப் பார்த்து, கதைக்காரன் என்ற முறையில் எனக்குக் கொஞ்சம் சந்தோஷமாகத்தான் இருந்தது. மற்ற நாலும் வெறும் ஓசை என்று தள்ளிவிட்டேன்.

அடுத்தபடி 'வாசகர்'. நாலு எழுத்தானால் இருபத்து நாலு அடுக்கு. எல்லாவற்றையும் எழுதிப் பார்க்க வேண்டியதில்லை, அதற்குத்தான் கணக்கு. அகராதி வரிசைப்படி எழுத்துகள் க, ச, ர், வா. க-வை முதலில் வைத்தால் மிச்சம் மூன்றும் ஆறு விதமாக அடுக்குப்படும். ச-வுக்கும் ஆறு. ர்-க்கும் ஆறு. மெய்யெழுத்தில் தமிழ்ச் சொல் தொடங்காது என்ற இலக்கணமெல்லாம் கணக்குக்குக் கிடையாது. ஆக, பதினெட்டு போயிற்று. பிறகு வா. வா-வுக்கு அடுத்தாற்போல் க வரும் அடுக்குகள் இரண்டு, இருபது ஆயிற்று. அதற்கு அடுத்தது வாசகர். இருபத்து நாலில் இருபத்தோராவது இடம். பத்திரிகை நடத்துகிறவர்கள் வாசகருக்குக் கொடுத்திருக்கும் இடமும் ஏறக்குறைய அதுதான் என்று சொல்லிச் சிரித்தேன்.

அவள் சிரிக்கவில்லை. "அப்போ நீங்க எழுதற நாவலுக்கும் இப்படி ஒரு நம்பர் இருக்கும், இல்லையா சித்தப்பா?" என்று கேட்டாள்.

இருக்கும் என்றுதான் சொல்ல வேண்டியிருந்தது. இத்தனை எழுத்து நீளம் என்று வைத்துக்கொண்டு, அந்த நீளத்துக்குள் தமிழ் எழுத்துகளை எத்தனை விதமாக வைக்கலாமோ அத்தனையையும் அகராதி வரிசையில் அடுக்கினால், என் நாவலும் அதில் எங்கேயோ ஓர் இடத்தில் இருந்துதானே ஆக வேண்டும்? நான் எழுதாவிட்டாலும் இருக்கும். அவள் நோட்டை மூடிக்கொண்டு போய்விட்டாள். எனக்குத்தான் அன்று வேலை ஓடவில்லை. மூன்று வருஷமாகப் பதினேழாம் அத்தியாயத்தில் நின்றுபோயிருக்கும் ஒரு நாவல் என் மேஜை இழுப்பறையில் கிடக்கிறது. அந்த அத்தியாயத்தில், ஊரைவிட்டுப் போகும் மகனிடம் ஒரு தாய் ஒரு வாக்கியம் சொல்ல வேண்டும். அது எனக்குக் கிடைக்கவில்லை. ஏற்கெனவே எங்கேயோ ஒரு நம்பரோடு இருக்கிற ஒன்றைத் தேடித்தானா மூன்று வருஷம் போயிற்று என்று நினைத்தபோது, இந்தத் தொழிலின் பேரிலேயே சந்தேகம் வந்துவிட்டது.

அகராதி வரிசைக்கு ஒரு தனிக் குணம் உண்டு. நம்முடைய பழைய நிகண்டுகள் சொற்களைப் பொருள் பார்த்துத் தொகுத்தன. திவாகரத்தில் தெய்வப் பெயர்த் தொகுதிதான் முதலில் வருகிறது. வீரமாமுனிவர் 1732-ல் சதுரகராதி செய்தபோது எழுத்தின் வரிசைதான் சொல்லின் வரிசை என்று ஆயிற்று. தெய்வமும் தெருவும் பக்கத்தில் பக்கத்தில் வந்து உட்கார்ந்தன. தேடுகிறவனுக்கு இது பெரிய சௌகரியம். ஆனால் அந்தச் சௌகரியம் பொருளைப் பார்க்காமல் இருப்பதனால் கிடைப்பது. பொருளைப் பார்க்காத வரிசையில் ஒரு புத்தகத்துக்கு இடம் இருக்கிறது என்பதை வைத்து, அந்தப் புத்தகமே இருக்கிறது என்று சொல்லிவிடலாமா?

இந்தக் கேள்வியை வைத்துக்கொண்டு, பல வருஷங்களுக்கு முன் படித்த ஒரு கதையை மறுபடி எடுத்துப் படித்தேன். அர்ஜென்டினா தேசத்து ஆசிரியர் போர்ஹெஸ் 1941-ல் வெளியிட்ட 'பாபேல் நூலகம்'. புவனோஸ் ஐரிஸ் நகரில் ஒரு சாதாரண நகராட்சி நூலகத்தில் அவர் சிப்பந்தியாக வேலை பார்த்துக்கொண்டிருந்த காலம் அது. அந்த நூலகத்தையே கொடுங்கனவாகப் பெருக்கி எழுதியது என்று பிற்பாடு அவரே சொல்லியிருக்கிறார். கதையில் உலகமே ஒரு நூலகம். ஒவ்வொரு புத்தகமும் 410 பக்கம். பக்கத்துக்கு 40 வரி. வரிக்குச் சுமார் 80 எழுத்து. காற்புள்ளி, முற்றுப்புள்ளி, வெற்றிடம் இவற்றையும் சேர்த்து மொத்தம் 25 குறிகள். இவற்றை எத்தனை விதமாக வைக்க முடியுமோ அத்தனை புத்தகங்களும் அங்கே உண்டு. எல்லா ஞானமும் உண்டு. எல்லாப் பொய்யும் உண்டு. எதிர்காலத்தின் சரித்திரம்கூட உண்டு. ஆனால் புத்தகங்கள் எந்த ஒழுங்கும் இல்லாமல் கிடக்கின்றன. மனிதர்கள் தங்கள் வாழ்க்கைக்கு நியாயம் சொல்லும் புத்தகத்தைத் தேடி அலைகிறார்கள்; சண்டை போடுகிறார்கள்; பைத்தியம் பிடித்துச் சாகிறார்கள்.

இந்தக் கற்பனை போர்ஹெஸுக்கு மட்டுமே சொந்தமானதல்ல. ஜெர்மன் ஆசிரியர் லாஸ்விட்ஸ் 1904-லேயே இப்படி ஒரு சர்வ நூலகத்தைக் கற்பனை செய்துவிட்டார். போர்ஹெஸின் பெருமை வேறு இடத்தில் இருக்கிறது. கணக்கை அவர் ஒரு பாராவில் சொல்லி முடித்துவிடுகிறார். மீதிக் கதை முழுவதும் அந்தக் கணக்குக்குள் அகப்பட்டுக்கொண்ட மனிதனைப் பற்றியது. கதை சொல்கிறவன் கண் மங்கிப்போன ஒரு கிழ நூலகன். கடைசியில் அவன் ஓர் ஆறுதலைப் பற்றிக்கொள்கிறான். இந்த நூலகத்துக்கு முடிவு இல்லை, இதே ஒழுங்கின்மை திரும்பத் திரும்ப வருகிறது, அப்படி வந்தால் அதுவே ஓர் ஒழுங்கு என்பது அவன் நம்பிக்கை.

முதல் தடவை படித்தபோது அந்த இடம் என் மனத்தை உருக்கிற்று. இப்போது ஒரு பள்ளிக்கூடக் கணக்குக்குப் பிறகு படிக்கையில், அந்தக் கிழவனோடு எனக்கு அபிப்பிராய பேதம் உண்டாகிறது. ஒழுங்கு வந்துவிட்டால் மட்டும் என்ன கிடைத்துவிடும்? அந்தப் புத்தகங்களையெல்லாம் அகராதி வரிசையில் அழகாக அடுக்கிக் கொடுத்துவிட்டார்கள் என்று வைத்துக்கொள்வோம். ஒரு புத்தகத்தில் 13,12,000 எழுத்து. புத்தகங்களின் தொகையை எண்ணால் எழுதினால் 18 லட்சத்துக்கு மேற்பட்ட இலக்கங்கள் வரும். ஆகவே, ஏறக்குறைய எந்தப் புத்தகத்தைக் கேட்பதானாலும் அத்தனை நீளமான எண்ணைச் சீட்டில் எழுதிக் கொடுத்தாக வேண்டும். புத்தகத்தைவிடச் சீட்டு நீளம்! சின்ன எண் உள்ள புத்தகங்களும் உண்டுதான். அவை முதல் குறியே லட்சக் கணக்கில் திரும்பத் திரும்ப வந்து, கடைசியில் மட்டும் ஏதோ கொஞ்சம் மாறுகிறவை. சரி, எண்ணை எப்படிக் கண்டுபிடிப்பது? என் அண்ணன் மகள் செய்தது போல முதல் எழுத்து என்ன, இரண்டாம் எழுத்து என்ன என்று ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு வந்துதான் கண்டுபிடிக்க வேண்டும். அதாவது புத்தகத்தை முழுக்க எழுதி முடித்த பிறகுதான் அதன் எண் தெரியும். எண்ணைச் சொல்வதும் எழுதுவதும் ஒரே காரியம். அந்த நூலகம் நமக்கு ஒரு எழுத்தின் சிரமத்தைக்கூட மிச்சப்படுத்தவில்லை.

இது எனக்குப் பெரிய நிம்மதி தந்தது என்று ஒப்புக்கொள்கிறேன்.

நம்மவர்களுக்கு இந்தக் கணக்கு புதிதல்ல. 13-ம் நூற்றாண்டில் சங்கீத ரத்னாகரம் எழுதிய சார்ங்கதேவர், ஏழு ஸ்வரங்களை மாற்றி அடுக்கினால் 5,040 விதம் வரும் என்று சொல்லி, இந்த அடுக்கு எத்தனையாவது, இத்தனையாவது அடுக்கு எது என்று இரண்டையும் கண்டுபிடிக்க ஓர் உபாயமும் சொல்லியிருக்கிறார். முதலாவதற்கு உத்திஷ்டம் என்று பெயர்; இரண்டாவதற்கு நஷ்டம் என்று பெயர். எண் மட்டும் கையில் இருந்து அடுக்கு மறந்துபோயிருந்தால், அது நஷ்டப்பட்டது; மீட்டெடுக்க வேண்டும். எனக்கு இந்தப் பெயர் மிகவும் பிடித்திருக்கிறது. எண் இருக்கிறதே என்று அவர்கள் திருப்திப்பட்டுவிடவில்லை.

ஆர்தர் கிளார்க் 1953-ல் எழுதிய 'கடவுளின் தொள்ளாயிரம் கோடிப் பெயர்கள்' என்ற கதையையும் இங்கே சொல்ல வேண்டும். திபெத்திய மடத்துத் துறவிகள், ஒன்பது எழுத்துக்கு மேற்படாத எல்லா அடுக்குகளையும் எழுதி முடித்தால் கடவுளின் எல்லாப் பெயர்களும் அதில் வந்துவிடும், உலகம் ஏற்பட்ட காரியமும் முடிந்துவிடும் என்று நம்புகிறார்கள். கையால் எழுதினால் 15,000 வருஷம். இயந்திரம் வாங்கினால் 100 நாள். வாங்குகிறார்கள். முடிகிற நேரத்தில் வானத்து நட்சத்திரங்கள் ஒவ்வொன்றாக அணைகின்றன. முடிவு சாமர்த்தியமானது, யாரும் மறக்க மாட்டார்கள். ஆனால் இரண்டாம் தடவை படித்தால் கதையில் ஒரு வறட்சி தெரிகிறது. அச்சாகி வரும் தாள்களைத் துறவிகள் வெட்டிப் பெரிய பெரிய புத்தகங்களில் ஒட்டுகிறார்கள். ஒருவர்கூட ஒரு பெயரைச் சொல்லிக் கடவுளைக் கூப்பிடுவதில்லை. பெயர் என்பது கூப்பிடுவதற்கல்லவா?

விஷ்ணுவின் நாலு கைகளில் சங்கு, சக்கரம், கதாயுதம், தாமரை. இவற்றைக் கை மாற்றி வைத்தால் எத்தனை வடிவம் வரும் என்று பாஸ்கராசாரியர் 1150-ல் லீலாவதியில் கணக்குப் போட்டிருக்கிறார். 24. என் 'வாசகர்' கணக்கில் வந்த அதே 24. ஆனால் சிற்ப சாஸ்திரம் இந்த இருபத்து நாலில் ஒன்றையும் தள்ளவில்லை. கேசவன், நாராயணன், மாதவன் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர் கொடுத்து, சிலையாக வடித்து வைத்திருக்கிறது. அடுக்கு ஒன்றுதான், அதைப் பார்த்துப் பெயர் சொல்ல ஒருவன் வந்தபோது அது மூர்த்தியாயிற்று.

இதை வேடிக்கையாகச் சொன்னவர் ஸ்விஃப்ட். 1726-ல் வெளிவந்த கல்லிவர் யாத்திரையின் மூன்றாம் பாகத்தில் ஒரு பேராசிரியர் புத்தகம் எழுதும் யந்திரம் செய்து வைத்திருக்கிறார். பாஷையின் எல்லாச் சொற்களையும் கட்டைகளில் ஒட்டி, நாற்பது மாணவர்கள் நாற்பது பிடிகளைத் திருகுகிறார்கள். சொற்கள் இடம் மாறுகின்றன. படிப்பில்லாதவனும் இதைக்கொண்டு தத்துவமும் கவிதையும் எழுதலாம் என்பது பேராசிரியர் கட்சி. ஸ்விஃப்ட் கேலிதான் செய்கிறார். ஆனால் அந்தக் கேலியில் ஒரு கணக்கு இருக்கிறது, பாருங்கள். நாற்பது பேரில் முப்பத்தாறு பேர், சேர்ந்து விழுந்த சொற்களில் ஏதாவது பொருள் தெரிகிறதா என்று படிக்கிறார்கள். எழுதிக்கொள்கிறவர்கள் நாலே பேர். திருகுவதற்கு யந்திரம் போதும்; படிப்பதற்கு ஆள் வேண்டும் என்பது அவருக்கும் தெரிந்திருக்கிறது.

இவ்வளவையும் யோசித்து முடித்து, எனக்கு நானே வெற்றி கொடுத்துக்கொண்டிருந்த சமயத்தில், அடுத்த ஞாயிற்றுக்கிழமை அண்ணன் மகள் வந்தாள்.

"சித்தப்பா, நீங்க தப்பாச் சொல்லிட்டீங்க. ஆறாவதுக்கும் அர்த்தம் இருக்கு."

"எந்த ஆறாவது?"

"விதைக. 'வாழ்க' மாதிரி. வியங்கோள் வினைமுற்று. தமிழ் மிஸ் நடத்தியிருக்காங்க."

க, வி, தை இந்த மூன்றையும் நாற்பது வருஷமாக எழுதிக்கொண்டிருக்கிறேன். கவிதையைப் பிரித்துப் போட்டால் அதற்குள் ஒரு 'விதைக' கிடக்கிறது என்பது எனக்குத் தெரியாது. கணக்கு கொண்டுவந்து கண் முன்னே வைத்தது. அப்போதும் வெறும் ஓசை என்று தள்ளினேன். ஆகவே கணக்கை நான் இழிவாகப் பேசுவதற்கில்லை. நாம் தேட நினைக்காத இடத்தையும் அது விடாமல் கடந்து போகிறது. அதற்கு வேண்டியதெல்லாம் பக்கத்தில் உட்கார்ந்து படிக்க ஒரு பதினாறு வயசுப் பெண்.

அவள் போன பிறகு இழுப்பறையைத் திறந்து பதினேழாம் அத்தியாயத்தை எடுத்தேன். அந்தத் தாய்க்காக நான் எழுதி எழுதி அடித்திருந்த வாக்கியங்களை முதலிலிருந்து படித்துக்கொண்டு வந்தேன். வெறும் ஓசை என்று நான் தள்ளியவற்றில் எதையாவது சரியாகப் படிக்காமல் தள்ளியிருக்கிறேனோ என்ற பயம் எனக்கு. இருபத்தோராவது இடத்தில் நிறுத்தி வைத்த வாசகர் வேலையை நானே எடுத்துக்கொண்டேன். இன்னும் படித்து முடிக்கவில்லை.