குவவு மதி: ‘கிப்பஸ்’ என்னும் ஆங்கிலச் சொல்லின் பொருளும் வழக்கும்

வடிவத்தைச் சுட்டும் ஆங்கிலச் சொற்களுள் அன்றாட வழக்கிற்கு வாராது அகராதியுள் ஒதுங்கிக் கிடப்பன சில உள. வானநூலார்க்கும் தாவரநூலார்க்கும் மட்டுமே அவை கைவந்தன. ‘கிப்பஸ்’ என்பது அத்தகையதொரு சொல். அரைமதிக்கு மேற்பட்டு முழுமதிக்குக் குறைந்து நிற்கும் நிலவின் வடிவத்தை அது குறிக்கும். சொல் அரிதாயினும் பொருள் அரிதன்று. திங்களின் ஒரு சுற்றை முப்பது திதிகளாகப் பகுத்தால், வளரும் பக்கத்தில் ஏழரைத் திதியும் தேயும் பக்கத்தில் ஏழரைத் திதியும் நிலவு இவ்வடிவிலேயே தோன்றுகின்றது. (ஏழரை என்றதும் சனியை நினைத்து அஞ்ச வேண்டுவதில்லை.) எனவே மாதத்திற் பாதி நாள் கண்ணுக்குப் புலனாகும் ஒரு வடிவத்திற்கு ஆங்கிலத்தில் உள்ள பெயர் ஆங்கிலேயருட் பலரும் அறியாதது, தமிழிலோ எல்லாரும் அறிந்த பெயரே இல்லை. தமிழ்மொழி மூலம் விஞ்ஞானம் பயில்வோர்க்கு இச்சொல்லை எங்ஙனம் வழங்குவது என்பதே ஈண்டு ஆராயப்படுவது.

இச்சொல்லின் முதலெழுத்து ‘தங்கம்’ என்பதிலுள்ள ககரம் போல ஒலிக்கும். ஜகரமாக ஒலிப்பது பிழை. இலத்தீனில் ‘கிப்பஸ்’ என்றால் கூன், முதுகின் திமில் என்பது பொருள். அதன் உடன்பிறப்பான இத்தாலியச் சொல் ‘கொப்போ’ கூனனைக் குறிக்கும். செகப்பிரியரின் வெனிசு வணிகன் நாடகத்தில் வரும் வேலைக்காரன் லான்சிலட் கொப்போவின் குடும்பப்பெயர் இதுவே. ஆங்கிலத்திலும் உடம்பின் புடைப்பைக் குறித்து வழங்கிய பின்னரே இச்சொல் வானத்தை எட்டிற்று. இன்றும் மருத்துவர், முள்ளந்தண்டில் என்புருக்கி நோய் பற்றியதனால் எழும் கூர்த்த புடைப்பை இலத்தீன் வடிவிலேயே ‘கிப்பஸ்’ என்று வழங்குவர்.

தாவரநூலார் இதனைக் கொள்ளும் முறை சிறிது வேறானது. அவர்க்கு இது ஒருபுறம் மாத்திரம் வீங்கியிருத்தலைக் குறிக்கும். புல்லியின் அடியோ அல்லிக் குழலின் அடியோ ஒரு பக்கம் பை போலப் புடைத்திருப்பின் அங்கே இச்சொல்லைப் பெய்வர். நீரில் மிதக்கும் ஒருவகைச் சிறு பாசிப்பூண்டுக்கு லெம்னா கிப்பா என்று பெயர் வைத்ததும் அதன் அடிப்பக்கம் உப்பியிருத்தல் பற்றியே. 1821ஆம் ஆண்டு பேராதனையிற் பூங்காவை நிறுவி, 1824ஆம் ஆண்டு இலங்கைத் தாவரங்களின் பட்டியலை வெளியிட்டவர் அலெக்சாந்தர் மூன் என்பவர். ஆங்கிலத்தில் ‘மூன்’ என்றால் திங்கள். வானத்துச் சொல்லொன்று பூவின் அடியிலும் வந்து குடியேறியதைப் பேசுமிடத்து அவர் பெயர் நினைவுக்கு வருதல் இயல்பே.

இனி, நிலவுக்கு வருவோம். கிரேக்கர் இதே வடிவத்தை ‘அம்பிகூர்த்தோஸ்’ என்றனர். இருபுறமும் வளைந்து புடைத்தது என்பது அதன் பொருள். இவ்விரு பெயர்களையும் ஒப்பிட்டு நோக்கின் கிரேக்கர் பெயரே நுட்பமுடையது எனல் வேண்டும். பிறையில் ஓர் ஓரம் வெளிநோக்கிப் புடைத்திருக்கும். மற்றை ஓரம் உள்நோக்கிக் குழிந்திருக்கும். அரைமதியில் அவ்வோரம் நேர்கோடாகும். அதன்மேற் செல்லச் செல்ல அக்கோடும் வெளிநோக்கிப் புடைக்கத் தொடங்கும். ஓரம் ஒன்று அரைவட்டம், மற்றையது அரைநீள்வட்டம், இரண்டும் வெளிநோக்கியவை. இதனையே கிரேக்கச் சொல் உரைக்கின்றது. இலத்தீன் சொல்லோ கணிதத்தை விட்டுக் கூனனை நினைந்தது.

இவ்வடிவம் வெறும் சொல்லாராய்ச்சிக்கு மட்டும் உரியதன்று. 1610ஆம் ஆண்டின் இறுதியிற் கலிலியோ வெள்ளிக் கோளைத் தொலைநோக்கியாற் கண்டபோது, அது முதலில் ஏறக்குறைய வட்டமாகவும் பின்னர் அரைமதியாகவும் பின்னர்ப் பிறையாகவும் மாறியது. தொலமியின் கொள்கைப்படி வெள்ளி எஞ்ஞான்றும் பூமிக்கும் ஞாயிற்றுக்கும் இடையிலேயே நிற்பது. அங்ஙனமாயின் அது பிறையாகவே தோன்றல் வேண்டும். இருபுறமும் புடைத்த வடிவம் அதற்கு வாராது. வந்தது. வெள்ளி ஞாயிற்றுக்கு அப்பாலும் செல்கின்றது என்பது அதனாற் பெறப்பட்டது. பிறை வடிவைக் கண்டதனால் மட்டும் தொலமி வீழவில்லை; இந்தப் பெயரறியா வடிவமே அவரை வீழ்த்தியது. செவ்வாயோ ஞாயிற்றினின்றும் பூமியைவிடச் சேய்மையில் நிற்பதால், நமக்கு ஒருபோதும் பிறையாகத் தோன்றுவதில்லை. முழுவட்டத்திற் சிறிது குறைந்து இவ்வடிவு கொள்வதோடு நின்றுவிடுகின்றது. இத்துணைப் பயனுடைய வடிவத்திற்குப் பெயரின்றிப் பாடம் நடத்துதல் எங்ஙனம்?

தமிழ்ப் புலவர் திங்களைப் பாடாதாரல்லர். ஆயின் அவர் உள்ளம் நின்ற இடங்கள் சிலவே. சிவபிரான் சடையில் இருப்பது என்றும் இளம்பிறை. மகளிர் முகத்திற்கு உவமை நிறைமதி. எட்டாம் நாட் பக்கத்துத் திங்களுக்கும் தனியிடம் உண்டு: குறுந்தொகையிற் கோப்பெருஞ்சோழன் பாடிய செய்யுளொன்று தலைவியின் சிறுநெற்றியை அதனோடு ஒப்பிடுகின்றது, பொருநராற்றுப்படை யாழின் வறுவாய்க்கு அதனை உவமையாக்குகின்றது. இவையெல்லாம் மிக நுண்ணிய நோக்கின் விளைவுகள். ஆயினும் எட்டாம் நாளுக்கும் பதினைந்தாம் நாளுக்கும் இடையே புலவர் அத்துணை நின்றதில்லை. முழுமையை நோக்கிச் செல்லும் நிலவு அவர்க்கு இன்னும் முழுமையடையாத நிலவே. தனக்கென வடிவுடைய பொருளன்று.

பஞ்சாங்கம் இக்குறையை வேறுவகையால் நிரப்பிற்று. நவமி, தசமி, ஏகாதசி, துவாதசி, திரயோதசி, சதுர்த்தசி என நாளுக்கு நாள் பெயருண்டு. திதி பன்னிரண்டு பாகை அளவினது. ஆதலின் ஞாயிற்றுக்கும் திங்களுக்கும் இடையே தொண்ணூறு பாகை அமையும் அரைமதிக் கணம் அட்டமித் திதியின் நட்ட நடுவில் நிகழ்கின்றது. தசமி முடியும்போது வட்டத்தில் முக்காற்பங்கு ஒளி பெற்றிருக்கும். சிங்கள மக்கள் வழக்கும் இதற்கு வேறன்று. புர அட்டவக்க, அவ அட்டவக்க என்பன வளர்பக்கத்து எட்டாம் நாளும் தேய்பக்கத்து எட்டாம் நாளுமே. 1966 தொடக்கம் 1971 வரை இந்நாட்டில் ஞாயிற்றுக்கிழமைக்குப் பதிலாகப் போயா நாளே வார விடுமுறையாக இருந்த காலத்தில், அலுவலகமும் பள்ளிக்கூடமும் திங்களின் கால்வட்டங்களைக் கொண்டே வாரத்தை எண்ணின. எண்ணிக்கை குறைவற இருந்தது. வடிவத்தின் பெயர் மட்டும் பிறக்கவில்லை. இருப்பதோ மயக்கந் தருவது. ‘வளர்பிறை’ என்பது சொல்லளவிற் பிறையைக் குறிப்பினும் வழக்கிற் பக்கம் முழுவதையும் குறிக்கும். துவாதசி நிலவு பிறையன்று. ஆயினும் அது வளர்பிறைக் காலத்து நிலவே. வானத்தில் இரு வடிவங்களை வரைந்து, இரண்டிற்கும் வளர்பிறை என்றே பெயரெழுதும் மாணாக்கனைக் குறை கூறுதல் நேரிதன்று.

கண்டி வாழ்வார்க்கு இவ்வடிவம் மிக அணுக்கமானது. எசல பெரகராவின் ஒழுங்கை நோக்குக. அமாவாசையை ஒட்டி நாத, விஷ்ணு, கதிர்காமத் தேவாலயங்களிலும் கண்ணகியாம் பத்தினித் தெய்வத்தின் தேவாலயத்திலும் ‘கப்’ என்னும் மரக்கொம்பு நடப்படும். முதல் ஐந்து இரவும் தேவாலய எல்லைக்குள் நிகழ்வன. அடுத்த ஐந்து கும்பல் பெரகரா. இறுதி ஐந்து ரந்தோலி பெரகரா, பௌர்ணமியோடு நிறைவது. முதற்பகுதியிற் பிறை, நடுப்பகுதியில் அரைமதியைக் கடந்து செல்லும் நிலவு, பொற்பல்லக்கின் பெயர் கொண்ட இறுதிப் பகுதியின் இரவுகளில் யானைகளுக்கு மேலே நிற்பது, முழுமதி நாளொழிய, நாம் பெயர் தேடும் இவ்வடிவமே. நகரத்தாரும் சுற்றுத் தோட்டங்களினின்று வருவோரும் தெருவோரத்தில் மணிக்கணக்காய் அமர்ந்து கண்ட நிலவு இது. பிறையும் பௌர்ணமியும் இதனைவிடப் பெருஞ்சிறப்புடையன என்று அவருட் கூறுவார் யார்?

இனி மொழிபெயர்ப்பு. இலத்தீன் மூலத்தைப் பார்த்தவர்க்கு முதலில் தோன்றுவது ‘கூன்மதி’ என்பதே. மூலத்தோடு சொல்லுக்குச் சொல் ஒத்தது, ஆயினும் கொள்ளத்தகாதது. காரணம் எளிது: தமிழில் கூன் என்னும் அடை முன்பே பிறைக்கு உரிமையாகிவிட்டது. திருக்குற்றாலக் குறவஞ்சியில் திரிகூடராசப்பக் கவிராயர் குறத்தியின் வாயிலாக மலைவளம் பாடுமிடத்து இறைவன் சூடிய இளம்பிறைக்கு இவ்வடையையே கொடுக்கின்றார். உரோமர் முதுகின் புடைத்த புறத்தை நோக்கினர். தமிழர் வளைந்த உடம்பை நோக்கினர். ஒரே கூன், நோக்குமிடம் வேறு. அதனால் அங்கே பருத்த நிலவும் இங்கே மெலிந்த நிலவும் அப்பெயர் பெற்றன. கூன்மதி என்று எழுதினால், தமிழ் இலக்கியம் கற்ற மாணாக்கன் நேர்மாறான வடிவையே வரைவான். சொல் எத்துணை இணங்கினும் பொருள் தலைகீழாகும் மொழிபெயர்ப்புக்கு இதனினும் தெளிவான எடுத்துக்காட்டுக் கிடைப்பதரிது.

பிறிதொரு குறையும் உண்டு. மந்தரையின் கூனும் நெடுமாறனாக நிமிருமுன் பாண்டியன் கொண்டிருந்த கூனும் தமிழர் நெஞ்சில் குறையாகவும் பிணியாகவுமே பதிந்தவை. ஆங்கிலச் சொல்லும் அந்நிழலை முற்றும் நீத்ததன்று. அமெரிக்க எழுத்தாளர் லவ்கிராப்ட் (1890–1937) தம் அச்சக்கதைகளில் இந்நிலவை அடிக்கடி எழச்செய்ததனால், ஆங்கிலத்தில் அதற்கு ஒருவகைப் பேய்த்தன்மையும் சேர்ந்தது. அச்சுமையைத் தமிழுக்கு இறக்குமதி செய்ய வேண்டிய கட்டாயமில்லை. முள்ளந்தண்டு நோய்க்குக் கூன் பொருந்தும்; அங்கே அதனையே ஆள்க.

‘குறைமதி’ என்போருமுளர். அது தேய்தலை உணர்த்தும். வளரும் நிலவுக்கு ஒவ்வாது. ‘முற்றாமதி’ பிறைக்கும் ஏற்கும். ஒலிபெயர்த்து ‘கிப்பஸ்’ என்றே வழங்குதல் வேறொரு வழி. ஆயின் பொருள் விளங்காத ஒலியை மனனஞ் செய்விப்பதனாற் பயன் யாது? தாய்மொழிக் கல்வியின் நோக்கமே அதனோடு அழியும். ‘இருகுவி மதி’ என்பது கிரேக்கத்தின் நேர்ப்பெயர். குவிவு, குழிவு என்னும் சொற்கள் வில்லைகளைப் பற்றிய பாடத்திலேயே மாணாக்கர்க்குப் பழக்கமானவை. இது பிழையற்றது; எனினும் நாவில் நிலவுக்குரிய எளிமை இதற்கில்லை. ‘குவிமதி’ எனச் சுருக்கின் இன்னோரிடர் எழும்: குவிதல் மலர் கூம்புதலுமாகும், விரிந்து வரும் நிலவைக் கூம்பும் தாமரையோடு மயங்கவைத்தல் ஆகாது.

இவற்றினும் மேலானது குவவு என்னும் பழஞ்சொல். அது திரட்சியைக் குறிக்கும். வீரர்தம் திரண்ட தோளைக் குவவுத்தோள் என்று கம்பர் முதலானோர் பாடுவர். உரோமர் முதுகிற் கண்ட புடைப்பைத் தமிழர் தோளிற் காண்பாராக. ‘குவவு மதி’ என்பதில் வெளிநோக்கிய புடைப்பும் உண்டு. ஊனத்தின் நிழலும் இல்லை. திரட்சி முழுமதிக்கும் உரியதன்றோ என்று தடை எழலாம். முழுமதிக்கு நிறைமதி முதலாய பெயர்கள் நிலைபெற்றிருத்தலின், ஆளில்லாத இவ்விடத்திற்கு இப்பெயரை ஒதுக்குவதில் இழுக்கில்லை. இருபக்கத்தையும் வேறுபடுத்த ‘வளர்குவவு மதி’, ‘தேய்குவவு மதி’ என்க. தாவரநூலார்க்கு இது உதவாது. அவர் கருதுவது ஒருபுறப் புடைப்பாதலின் அவ்வாறே விரித்தெழுதுவது அவர்க்கு நன்று.

பெயரைத் தந்தபின் படத்தையும் திருத்தல் வேண்டும். ஆங்கில நூல்கள் வளரும் நிலவின் ஒளிமிக்க அரைவட்டத்தை வலப்பக்கத்தில் நிறுத்தி வரைவது, வடக்கே நெடுந்தொலைவில் வாழ்வார் காணும் காட்சி. கண்டி நிலநடுக்கோட்டிற்கு ஏழு பாகையளவே வடக்கே உள்ளது. இங்கே மாலைப்பிறை தோணி போலக் கிடக்கும். பிற்பகலிற் கிழக்கே எழும் வளர்குவவு மதியின் அரைவட்டம் மேனோக்கியும், மற்றை ஓரம் அடிவானத்தை நோக்கியும் இருக்கும். பெரகரா முடிந்து கெட்டம்பையில் நீர்வெட்டு நிகழ்ந்தபின் வரும் காலைகளிலோ, தேய்குவவு மதி பள்ளிக்கூட மணி அடித்த பின்னரும் மேற்குவானில் வெளிறி நிற்கும். வகுப்பை முற்றத்திற்கு அழைத்துச் செல்ல அவ்வேளையே தக்கது.