தடை போட்ட கையே டிக்கெட்டும் கிழித்தது

பிலிப்பைன்ஸ் சினிமாவின் 'ஆபாசப் படங்கள்' பற்றிப் பேச்செடுத்தால் ரெண்டு கூட்டம் கிளம்பிவிடும். ஒழுக்கம் கெட்டுப்போச்சு என்று ஒன்று, கலைச் சுதந்திரம் என்று இன்னொன்று. இரண்டுமே கேட்காத கேள்வி: அவிழ்க்கப்பட்டது யாருடைய உடல்? காசு பார்த்தது யார்?

1970இல் 'உஹாவ்' வந்தது. தாகம் கொண்டவள் என்று பொருள். அதன் பின்னால் வரிசைகட்டியவற்றுக்குப் 'பொம்பா' படங்கள் என்று பெயர். வெடிகுண்டு என்று அர்த்தம். அதே ஆண்டு மார்கோஸ் ஆட்சியை எதிர்த்து மாணவர்கள் மணிலா தெருக்களில் அடிவாங்கிக்கொண்டிருந்தார்கள். 1972இல் ராணுவச் சட்டம். பொம்பாவுக்கும் தடை. நிர்வாணம்தானே கூடாது? துணியைப் போட்டு நனைத்துவிட்டார்கள். 1969இன் பிரபஞ்ச அழகி குளோரியா டயஸ் 1974இல் செல்சோ ஆட் காஸ்தில்லோவின் படத்தில் ஈரத்துணியோடு நின்றார். 'பூமியின் மேல் மிக அழகான மிருகம்' என்பது படத்தின் பெயருக்குப் பொருள். பெண்ணை மிருகம் என்பதில் தணிக்கைக்கு ஒரு சங்கடமும் இல்லை.

அப்படியானால் அதிகாரம் எதற்குத்தான் பயந்தது? இஷ்மயேல் பெர்னாலின் 'மணிலா பை நைட்' (1980) படத்தைப் பாருங்கள். விபச்சாரம், போதை, வேலையில்லாத இளைஞர்கள் என்று நகரத்தின் அடிவயிற்றைக் காட்டியது. பெயரிலிருந்து 'மணிலா'வைத் தூக்கச் சொன்னார்கள். வெளிநாட்டு விழாவுக்கும் போகவிடவில்லை. சதையைக் காட்டினால் பொறுக்கலாம், ஊரின் வறுமையை ஊர்ப் பேரோடு காட்டினால் பொறுக்க முடியாது!

இமெல்டா மார்கோஸ் தன் உலகத் திரைப்பட விழாவுக்காக மணிலா கடலோரத்தில் மாளிகை எழுப்பினார். ராப்பகலாக வேலை. 1981 நவம்பரில் சாரம் சரிந்து கூலிகள் ஈர சிமெண்டுக்குள் விழுந்து செத்தார்கள். மீட்க வந்தவர்களைப் பல மணி நேரம் உள்ளேயே விடவில்லை. 1982 ஜனவரியில் விழா நடந்தது. 1983 விழாவுக்குப் பணம் தேவைப்பட்டபோது அரசாங்கமே வெட்டுப்படாத பாலியல் படங்களைத் திரையிட்டு டிக்கெட் விற்றது. ஏழையின் பிணம் அஸ்திவாரத்தில், ஏழைப் பெண்ணின் உடல் திரையில். ஒழுக்கம் என்பதற்கு இதைவிட நல்ல விளக்கம் வேண்டுமா?

எண்பதுகளில் இளம்பெண்களுக்குக் குளிர்பானப் பெயர் வைத்துக் களமிறக்கினார்கள்: பெப்ஸி பலோமா, கோக்கா நிக்கோலஸ், சார்ஸி இம்மானுவேல். குடித்துவிட்டு வீசும் பாட்டிலின் பெயர். 1985இல் பெப்ஸி பலோமா செத்தபோது இருபது வயதுகூட ஆகவில்லை.

சர்வாதிகாரம் போனதும் மாறிவிட்டதா? 2001இல் ஹோசே ஹாவியர் ரெயஸின் 'லைவ் ஷோ' வந்தது. வயிற்றுப்பாட்டுக்காக மேடையில் உடலுறவு நடத்திக்காட்டும் இளைஞர்களின் கதை. கர்தினால் சின் எதிர்த்தார். மக்கள் எழுச்சியால் பதவிக்கு வந்து சில வாரமே ஆன அதிபர் அரோயோ படத்தை நிறுத்தினார். தணிக்கைக் குழுத் தலைவர் நிக்கனோர் தியோங்சன் பதவி விலகினார். படம் நின்றது. அந்த இளைஞர்களை மேடையேற்றிய பசியை நிறுத்த ஒருவரும் உத்தரவு போடவில்லை.

2021இல் விவாமாக்ஸ் வந்தபின் இந்த வியாபாரம் கைப்பேசிக்குள் புகுந்துவிட்டது. மறுபடி ஒழுக்கப் பேச்சு கேட்கிறது. தோழர்களே, தடை வேண்டுமா வேண்டாமா என்ற பட்டிமன்றத்தில் நாம் உட்கார வேண்டியதில்லை. நடித்தவளுக்கு என்ன கூலி, 'முடியாது' என்று சொல்ல அவளுக்கு உரிமை இருந்ததா என்று கேட்போம். விமர்சனம் அங்கேதான் தொடங்குது.