நான்கு முதலிடங்கள்: டேரன் காஹிலின் பயிற்சிக் கலை

டென்னிஸ் ஆட்டக்காரராக டேரன் காஹில் எட்டிய மிக உயர்ந்த தரவரிசை 22. அவரிடம் பயிற்சி பெற்ற காலத்தில் நால்வர் உலகின் முதலிடத்தைப் பிடித்தார்கள்: லெய்டன் ஹெவிட், ஆந்த்ரே அகாசி, சிமோனா ஹாலெப், யானிக் சின்னர். இந்த எண்ணிக்கையைவிட வியப்பூட்டும் செய்தி ஒன்று உண்டு. நால்வரில் ஒருவர் ஆட்டம் இன்னொருவர் ஆட்டத்தைப் போன்றதில்லை. எவர் ஆட்டமும் காஹிலின் ஆட்டத்தைப் போன்றதும் இல்லை. சர்வ் போட்ட வேகத்திலேயே வலையை நோக்கி ஓடும் பழைய ஆஸ்திரேலிய மரபில் வந்தவர் காஹில். நால்வருமோ களத்தின் பின்கோடான பேஸ்லைனில் நின்று ஆட்டத்தை நடத்துபவர்கள். தன் பாணியை அவர்கள்மேல் ஏற்றாமல், அவர்களிடம் ஏற்கெனவே இருப்பதைத் துலக்கிக் கொடுத்ததே காஹிலின் கலை.

1965ஆம் ஆண்டு அடிலெய்டு நகரில் பிறந்த காஹிலுக்குப் பயிற்சித் தொழில் வீட்டிலேயே அறிமுகமானது. அவருடைய தந்தை ஜான் காஹில் ஆஸ்திரேலிய பாணிக் கால்பந்தில் பெயர்பெற்ற பயிற்சியாளர். போர்ட் அடிலெய்டு அணியைத் தெற்கு ஆஸ்திரேலிய லீக்கில் 10 முறை சாம்பியனாக்கியவர். மகன் கால்பந்தை விட்டு டென்னிஸ் மட்டையை எடுத்தார்.

ஆட்டக்காரராக அவருடைய சிறந்த ஆண்டு 1988. அந்த ஆண்டு சுவிட்சர்லாந்தின் குஸ்டாடில் தன் முதல் ஒற்றையர் பட்டத்தை வென்றார். பின்னர் அமெரிக்க ஓப்பனின் இரண்டாம் சுற்றில், இரண்டு முறை விம்பிள்டன் வென்றிருந்த போரிஸ் பெக்கரை நேர் செட்களில் தோற்கடித்து அரையிறுதிவரை போனார். அங்கே அவரை நிறுத்திய மாட்ஸ் விலாண்டர் அந்தப் பட்டத்தை வென்று உலக முதலிடத்துக்கும் ஏறினார். மறு ஆண்டு மார்க் கிராட்ஸ்மேனுடன் சேர்ந்து ஆஸ்திரேலிய ஓப்பன் இரட்டையர் இறுதிக்கு வந்தார். ஒற்றையரில் 2 பட்டங்கள், இரட்டையரில் 13 என்ற அவருடைய கணக்கே பலம் எங்கே இருந்தது என்பதைச் சொல்லும். இரட்டையரில் பந்தைவிட ஆள் நிற்கும் இடமே முக்கியம். எதிரணியில் யார் எந்தப் பக்கம் சாய்கிறார், எங்கே இடைவெளி திறக்கிறது என்று அடிக்கு முன்பே கணிக்க வேண்டும். பின்னாளில் கைகொடுத்த கண் இங்கே பழகியது என்று கொள்ளலாம்.

முழங்கால் அவரை நெடுநாள் ஆடவிடவில்லை. அறுவைச் சிகிச்சைகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. 1990களின் நடுவில், முப்பது வயதை ஒட்டி, ஆட்டத்திலிருந்து விலகிப் பயிற்சியாளரானார்.

டென்னிஸ் பயிற்சியாளரின் தொழிலில் ஒரு விசித்திரமான கட்டுப்பாடு நெடுங்காலம் இருந்தது. ஆட்டம் தொடங்கிவிட்டால் அவர் வாய் திறக்கக் கூடாது. கால்பந்திலும் கூடைப்பந்திலும் பயிற்சியாளர் கோட்டோரம் நின்று கத்தலாம். டென்னிஸில் அப்போது சைகை காட்டினாலே ஆட்டக்காரருக்கு எச்சரிக்கை வந்தது. மேடையோரம் அமரும் நட்டுவனாருக்காவது கையில் தாளம் உண்டு; டென்னிஸ் பயிற்சியாளருக்கு அதுவும் இருக்கவில்லை. பெண்கள் சுற்றில் மட்டும் 2009 முதல், கிராண்ட் ஸ்லாம் அல்லாத போட்டிகளில், செட்டுக்கு ஒரு முறை களத்துக்குள் வந்து பேச அனுமதி இருந்தது. ஆண்கள் சுற்றில் இருக்கையிலிருந்து குறிப்புச் சொல்லும் உரிமை 2022இல்தான் சோதனை முறையில் வந்தது. ஆகவே சொல்ல வேண்டியதை முன்கூட்டியே, சுருக்கமாக, நெருக்கடியிலும் நினைவில் நிற்கும்படி சொல்லிவைப்பதே இத்தொழிலின் திறமையாக இருந்தது. ஈஎஸ்பிஎன் தொலைக்காட்சியில் காஹில் ஆண்டுக்கணக்கில் செய்த வர்ணனையிலும் இந்தச் சிக்கனத்தைக் கேட்கலாம். ஒரு புள்ளி ஏன் கைமாறியது என்பதை அடுத்த சர்வுக்கு முன் இரண்டே வாக்கியங்களில் விளக்கிவிடுவார்.

முதல் பெரிய பொறுப்பு சொந்த ஊரிலிருந்தே வந்தது. 1998 ஜனவரியில், தரவரிசையில் 550ஆம் இடத்தில் இருந்த 16 வயது லெய்டன் ஹெவிட், அடிலெய்டு போட்டியின் அரையிறுதியில் ஆந்த்ரே அகாசியை வீழ்த்திப் பட்டத்தையும் வென்றார். அந்தச் சிறுவனை உலகச் சுற்றில் வழிநடத்தும் வேலை காஹிலுக்கு அமைந்தது. ஹெவிட்டிடம் பெரிய சர்வ் இல்லை. எதிராளியை ஒரே அடியில் முடிக்கும் ஆயுதமும் இல்லை. இருந்தவை கால்களின் வேகம், சர்வைத் திருப்பும் கூர்மை, வலைக்கு ஓடி வருபவரின் தலைக்கு மேலே பந்தைத் தூக்கிப் போடும் துல்லியம், தோல்வியை ஏற்காத முரட்டுத்தனம். வலைக்கு ஓடியே வாழ்ந்த காஹிலுக்கு, அப்படி ஓடி வருபவரை எது துன்புறுத்தும் என்பது அனுபவத்தில் தெரியும். 2001 அமெரிக்க ஓப்பன் இறுதியில் அந்த ஆட்டம் முழு வடிவில் வெளிப்பட்டது. சர்வ் போட்டு வலைக்கு ஓடும் சர்வ்-வாலி ஆட்டத்தின் பேரரசரான பீட் சாம்ப்ராஸை ஹெவிட் 7-6, 6-1, 6-1 என்று வென்றார். அதே நவம்பரில், 20 வயதில், ஆண்கள் தரவரிசையில் அதுவரை முதலிடம் பிடித்தவர்களிலேயே இளையவரானார். அந்த ஆண்டின் முடிவில் இருவரும் பிரிந்தார்கள்.

அடுத்து வந்த அகாசி எல்லா வகையிலும் நேர்மாறு. 2002இல் காஹிலைச் சேர்த்துக்கொண்டபோது அவர் 32 வயதை நெருங்கியவர், ஏழு கிராண்ட் ஸ்லாம் பட்டங்களை வென்றவர், முதலிடத்தில் முன்பே இருந்து பார்த்தவர். அத்தகையவருக்குப் பயிற்சியாளர் எதைக் கற்றுக்கொடுப்பது? காஹில் கைவைத்தது ஃபோர்ஹேண்டில் இல்லை, மட்டையின் நரம்பில். அப்போது இளையவர்களிடையே பரவிக்கொண்டிருந்த பாலியெஸ்டர் நரம்புக்கு மாறச் சொன்னார். அந்த நரம்பு பந்து படும்போது வழுக்கி நகர்ந்து சட்டென்று பழைய இடத்துக்குத் திரும்பும்; அதனால் பந்துக்குச் சுழற்சி கூடும். முழு வேகத்தில் வீசினாலும் பந்து கோட்டுக்கு உள்ளேயே வளைந்து இறங்கும். அந்த மாற்றம் எவ்வளவு உதவியது என்பதை அகாசியே தன் சுயசரிதையில் வியந்து எழுதியிருக்கிறார். 2002 ரோம் போட்டியை அவர் வென்றது அந்த நரம்போடுதான்.

2003 ஆஸ்திரேலிய ஓப்பன் இறுதியில் ரெய்னர் ஷூட்லருக்கு ஐந்து கேம்களை மட்டுமே விட்டுக்கொடுத்து எட்டாவது கிராண்ட் ஸ்லாமை அகாசி வென்றார். அதே ஆண்டு, 33 வயதில், மறுபடி முதலிடத்துக்கு வந்தார். ஆண்கள் தரவரிசையில் அந்த இடத்தில் அமர்ந்த மூத்தவர் என்ற பெயர் 2018இல் ரோஜர் ஃபெடரர் வரும்வரை அவரிடமே இருந்தது. இரண்டே ஆண்டு இடைவெளியில் மிக இளைய முதலிடக்காரரையும் மிக மூத்த முதலிடக்காரரையும் ஒரே பயிற்சியாளர் கண்டார். தொடங்குபவருக்கும் முடிக்கப்போகிறவருக்கும் ஒரே பாடம் பொருந்தாது. இரண்டு பாடங்களும் காஹிலிடம் இருந்தன. 2006 அமெரிக்க ஓப்பனோடு அகாசி விடைபெறும்வரை அவர் உடனிருந்தார்.

அதன்பின் அடிடாஸ் நிறுவனத்தின் ஆட்டக்காரர் மேம்பாட்டுத் திட்டத்தில் பலருக்கு ஆலோசகராக இருந்தார். அந்த வழியில் அறிமுகமான ருமேனிய வீராங்கனை சிமோனா ஹாலெப்புடன் நடந்த பயணமே அவருடைய தொழில் வாழ்வில் மிகச் செறிவான பகுதி. ஹாலெப்பின் உயரம் 168 செ.மீ. பந்தை வலுவாக அடிக்கும் ஆட்டக்காரிகளின் காலத்தில் அவருடைய மூலதனம் ஓட்டமும், பந்தின் திசையைச் சட்டென்று மாற்றும் பேக்ஹேண்டும். சிக்கல் கையில் இல்லை, மனத்தில் இருந்தது. இரண்டு கேம் கைநழுவினால் தன்மேலேயே சினம் கொண்டு ஆட்டத்தைக் கைவிட்டுவிடுவார்.

2017 மார்ச்சில் மயாமி போட்டியின் காலிறுதியில் ஜொஹானா கோன்டாவிடம் முதல் செட்டை வென்ற ஹாலெப் ஆட்டத்தை இழந்தார். இடையில் களத்துக்குள் வந்த காஹிலிடம் அவர் நம்பிக்கையற்றுப் பேசியது தொலைக்காட்சியில் எல்லோர் காதிலும் விழுந்தது. தோல்விக்குப் பிறகு காஹில் எடுத்த முடிவு அவருடைய பயிற்சிமுறையிலேயே மிகத் துணிவானது. விலகிக்கொண்டார். காரணம் தன் மனப்போக்குதான் என்று ஹாலெப்பே வெளிப்படையாகச் சொன்னார். அந்த அதிர்ச்சி வேலை செய்தது. உளவியல் ஆலோசகரின் துணையோடு ஹாலெப் தன்னைத் திருத்திக்கொள்ள முனைந்தார். மாற்றத்தைக் கண்ட காஹில் சில வாரங்களில் திரும்பி வந்தார்.

திரும்பியதும் வெற்றி கொட்டிவிடவில்லை. அந்த ஆண்டு பிரெஞ்சு ஓப்பன் இறுதியில் ஒரு செட்டும் 3-0மும் முன்னிலையில் இருந்த ஹாலெப், யெலேனா ஓஸ்டாபென்கோவிடம் தோற்றார். அக்டோபரில் முதலிடம் கிடைத்தது. 2018 ஜனவரியில் ஆஸ்திரேலிய ஓப்பனில் மூன்றாம் சுற்றின் கடைசி செட்டை 15-13 என்று போராடி வென்று இறுதிக்கு வந்து, கரோலின் வோஸ்னியாக்கியிடம் தோற்றார். முன்பு இரண்டு கேமில் உடைந்துபோனவர் இப்போது கடைசிப் பந்துவரை நின்று தோற்றார் என்பதில்தான் மாற்றம் தெரிந்தது. ஜூன் மாதம் பாரிஸில் ஸ்லோன் ஸ்டீபன்ஸிடம் முதல் செட்டை இழந்தும் 3-6, 6-4, 6-1 என்று மீண்டு முதல் கிராண்ட் ஸ்லாமை வென்றார். அந்த ஆண்டின் இறுதியில் குடும்பத்தோடு இருப்பதற்காகக் காஹில் ஓய்வெடுத்தார். அவர் உடனில்லாத 2019இல் ஹாலெப் விம்பிள்டனையும் வென்றார். ஆசிரியர் இல்லாதபோதும் பாடம் நிலைத்திருப்பதைவிடப் பெரிய சான்று பயிற்சிக்கு வேறில்லை. 2020இல் மீண்டும் சேர்ந்த இருவரும் 2021இல் பிரிந்தார்கள்.

2022 கோடையில் இத்தாலியின் யானிக் சின்னர் அழைத்தார். அவருக்கு சிமோனே வக்னோட்ஸி ஏற்கெனவே பயிற்சியாளர். இரண்டு பயிற்சியாளர்கள் ஒரே ஆட்டக்காரரிடம் இருந்தால் இரண்டு குரல்கள் எழும்; பல கூட்டணிகள் அதிலேயே உடைந்திருக்கின்றன. காஹில் இளையவரான வக்னோட்ஸியின் இடத்தைப் பறிக்கவில்லை. தன் அனுபவத்தை அதன் பக்கத்தில் வைத்தார். இருவருக்கும் சேர்த்தே 2023ஆம் ஆண்டின் சிறந்த பயிற்சியாளர் விருதை ஆண்கள் சுற்றை நடத்தும் ஏடிபி வழங்கியது.

சிறுவயதில் பனிச்சறுக்குப் பந்தயங்களில் தேர்ந்த சின்னரிடம் இருபுறமும் இடிபோல் விழும் அடிகள் இருந்தன, வகைகள் குறைவு. சர்வ் சீரமைக்கப்பட்டது. டிராப் ஷாட்டும் வலையோர ஆட்டமும் படிப்படியாகச் சேர்ந்தன. ஆனாலும் மைய ஆட்டம் பேஸ்லைனை விட்டு நகரவில்லை. 2024 ஆஸ்திரேலிய ஓப்பன் அரையிறுதியில் நோவாக் ஜோகோவிச்சை வென்ற சின்னர், இறுதியில் டேனில் மெத்வதேவிடம் இரண்டு செட்களை இழந்தும் அடுத்த மூன்றையும் வென்றார். ஜூன் மாதம் ஒற்றையர் தரவரிசையில் உலக முதலிடத்தைப் பிடித்த முதல் இத்தாலியரானார். செப்டம்பரில் அமெரிக்க ஓப்பனையும், 2025 ஜனவரியில் மறுபடி ஆஸ்திரேலிய ஓப்பனையும் வென்றார்.

2025 சோதனைகளின் ஆண்டு. ஊக்கமருந்துச் சோதனையில் முந்தைய ஆண்டு சிக்கிய வழக்கில் மூன்று மாதத் தடையைச் சின்னர் ஏற்றுக்கொண்டார். அவருக்கு ஏமாற்றும் நோக்கமில்லை என்பதை உலக ஊக்கமருந்துத் தடுப்பு முகமையும் ஒப்புக்கொண்டது. மே மாதம் திரும்பியவர் பிரெஞ்சு ஓப்பன் இறுதியில் கார்லோஸ் அல்கராஸுக்கு எதிராகப் பட்டத்துக்கான மூன்று புள்ளிகளைத் தவறவிட்டு, 5 மணி 29 நிமிடம் நீண்ட ஆட்டத்தில் தோற்றார். ஐந்து வாரம் கழித்து விம்பிள்டன் இறுதியில் அதே அல்கராஸிடம் முதல் செட்டை இழந்து, அடுத்த மூன்றையும் 6-4 என்று எடுத்துப் பட்டம் வென்றார். அத்தகைய தோல்வியிலிருந்து இவ்வளவு விரைவில் எழ வைத்ததில் காஹிலின் பங்கை அளந்து சொல்ல முடியாது. ஆனால் ஹாலெப்புடன் அவர் கடந்து வந்த 2017க்கும் 2018க்கும் இடைப்பட்ட பாதை இதுவே என்பது கவனிக்கத்தக்கது.

அந்த ஆண்டோடு பயிற்சியிலிருந்து விலகுவதாக இருந்தார் காஹில். விம்பிள்டன் இறுதிக்கு முன் இருவரும் ஒரு பந்தயம் கட்டியிருந்தார்கள்: சின்னர் வென்றால், காஹில் தொடர்வதா வேண்டாமா என்பதைச் சின்னரே தீர்மானிப்பார். சின்னர் வென்றார். நான்கு முதலிடங்களுக்குப் பின்னும் ஆட்டக்காரரின் விருப்பத்தையே முன்னிறுத்தும் இந்தப் பந்தயத்தின் விதி, காஹில் கால் நூற்றாண்டாகப் பின்பற்றிய பயிற்சிமுறையின் விதியும்தான்.