காரைக்காற் பேயும் கொடுமுடிக் குரலும்

அடியார் வரலாற்றைத் திரையிற் காட்டுங்கால், நடிப்பவரின் சொந்த வாழ்வு பாத்திரத்திற்கு அரண் செய்வதும் உண்டு. அதனை மறைப்பதும் உண்டு. ஏ. பி. நாகராசன் இயக்கி 1973-இல் வெளிவந்த 'காரைக்கால் அம்மையார்' படத்தில் இவ்விரண்டும் ஒருங்கே நிகழ்ந்துள்ளன என்பது நம் கருத்து.

அப்படத்தில் இல்லறத்துப் புனிதவதியாக இலட்சுமியும், பேயுரு எய்திய அம்மையாராகக் கே. பி. சுந்தராம்பாளும் நடித்தனர். 1908-இல் கொடுமுடியிற் பிறந்த சுந்தராம்பாள், நாடக மேடையிற் புகழ்பெற்று எஸ். ஜி. கிட்டப்பாவை மணந்தார். 1933-இல் கிட்டப்பா மறைந்தபின் வெண்ணிற ஆடை பூண்டு, எவருக்கும் காதற்றுணையாக நடிப்பதில்லை என உறுதி கொண்டார். 1935-இல் 'நந்தனார்' படத்தில் ஆண்வேடமே ஏற்றார். 'ஔவையார்' (1953) படத்தில் ஔவையும், 'பூம்புகார்' (1964) படத்திற் கவுந்தியடிகளும் இல்லறத்திற்குப் புறத்தே நிற்போரே. ஆதலின், அம்மையார் வேடம் அவர்க்கு இயல்பாகவே அமைந்தது எனப் பலரும் கருதுவர்.

ஆயின், இவ்வொப்புமை முழுதும் பொருந்துவதன்று. சுந்தராம்பாளின் துறவு மறைந்த கணவரின் நினைவைப் போற்றுவது. சேக்கிழார் காட்டும் புனிதவதியாரோ, பரமதத்தன் உயிருடன் இருக்க, அவன்பொருட்டுத் தாங்கிய உடலழகையே உதறுகிறார். முன்னது காத்தல், பின்னது களைதல். அம்மையார் தம் பாடல்களிற் கணவனையோ மாங்கனியையோ குறிப்பதில்லை. தம்மைப் பேய் என்றே கூறிக்கொள்கிறார். திருவாலங்காட்டு மூத்த திருப்பதிகங்களிற் காணும் பேயுரு, தசை வற்றி நரம்பெழுந்து அச்சம் தருவது. சோழர் காலச் செப்புத் திருமேனிகளும் அவ்வுருவை அஞ்சாது வடித்தன. திரைப்படமோ நாம் முன்னரே வணங்கிப் பழகிய ஔவையின் சாயலையே மீண்டும் காட்டுகின்றது. காண்போர் அஞ்சுவதில்லை, கைகுவிக்கின்றனர்.

காரைக்கால் ஊரும் ஆனித் திங்களில் மாங்கனித் திருவிழாவாகவே அம்மையாரை நினைவுகூர்கிறது. எனவே, பேயினும் புனிதவதியையே மக்கள் மிக விரும்பினர் என்பது தெளிவு. படமும் அவ்விருப்பத்தின் வழியே சென்றது எனலாம்.

எனினும், ஒன்று கூறுதல் வேண்டும். அறுபது அகவையைக் கடந்த நிலையிற் சுந்தராம்பாள் பாடிய குரலில் மென்மையில்லை, குழைவில்லை. மேடையில் ஒலிபெருக்கியின் துணையின்றிப் பயின்ற அத்திறந்த குரல், அழகுபடுத்தலை மறுத்து நேரே எழுகின்றது. ஒப்பனை காட்டத் தயங்கிய பேயுருவை அக்குரல் ஓரளவு காட்டிவிடுகின்றது. 1980-இல் மறைந்த அவ்வம்மையாரை உருவத்தால் மட்டும் மதிப்பிடுவோர், அவர் நடிப்பின் பாதியையே கண்டவராவர்.